மௌனப்படச் சிரிப்பின் சமூகத் தளம்

விழுந்தும் உதைத்தும் துரத்தியும் சிரிப்பூட்டிய மௌனக் குறும்படங்களைக் கீழ்த்தரக் கேளிக்கையென ஒதுக்கும் போக்கு உண்டு. அவற்றைப் பார்த்துச் சிரித்தவர் யாவர் என்று நாம் முதலில் வினவவேண்டும்.

1905ஆம் ஆண்டின் பின் அமெரிக்க நகரங்களில் ஐந்து சதக் கட்டணத் திரையரங்குகள் பெருகின. ஐரோப்பாவிலிருந்து குடிபெயர்ந்த தொழிலாளர் அவற்றை நாடினர். ஆங்கிலம் அறியாதவருக்கும் உடலின் மொழி விளங்கிற்று. 1912இல் மாக் செனற் தொடங்கிய கீஸ்ரோன் நிறுவனம், தடுமாறி விழும் பொலிஸாரை அவர்கள்முன் நிறுத்தியது. தெருவில் அச்சமூட்டிய சீருடை திரையில் நகைப்புக்குரியதாயிற்று. எனினும் அங்கு கள்வனும் காவலனும் ஒருங்கே விழுந்தனர். எவர், ஏன் விழவேண்டும் என்ற வினா எழவில்லை.

அவ்வினாவை எழுப்பியவர் சார்ளி சப்ளின். இலண்டன் வறுமையில் வளர்ந்த அவர், 1914இல் கீஸ்ரோனில் நாடோடி வேடம் பூண்டார். 1917இல் வெளியான அவரது 'குடியேறி' படத்தில், சுதந்திரச் சிலை தென்பட்டதுமே கப்பலில் வந்த ஏழைகளை அதிகாரிகள் கயிறிட்டு அடைக்கின்றனர். ஓர் அதிகாரிக்கு நாடோடி கொடுக்கும் உதை, அதனால் வெறும் சேட்டையன்று. அது ஒரு விமர்சனம்.

சிரிப்பு மட்டும் சமுதாயத்தை மாற்றிவிடாது. ஆயினும் அதிகாரம் அசைக்கவொண்ணாதது என்ற மயக்கத்தை அது கலைக்கிறது. மக்கள் கலைகளை ஆராயும் நாம் இதனை அலட்சியப்படுத்துதல் தகாது.