உரிமம்

ஓட்டுநர் உரிமம், கடை உரிமம் என்று தமிழ்நாட்டில் வழங்கும் சொல்லுக்கு வேர் ‘உரி’. ஒருவருக்குச் சேர்ந்தது, தகுந்தது என்று பொருள். உரியவர், உரிமை, இலக்கணத்து உரிச்சொல் எல்லாம் அதில் கிளைத்தவையே. லைசென்ஸ் என்பதன் லத்தீன் மூலமோ ‘இசைவு’ என்ற அளவில் நின்றுவிடுகிறது. இலங்கைத் தமிழர் சொல்லும் ‘அனுமதிப்பத்திரம்’ அதற்கு நெருக்கம்.

உரிமையா, இசைவா? அந்த இலங்கையிலேயே ஒரு ஜவுளி வியாபாரியின் பிழைப்பு இந்தக் கேள்வியில் சிக்கியது. ஜவுளிக் கட்டுப்பாட்டு அதிகாரி அவருடைய அனுமதிப்பத்திரத்தை ரத்து செய்தார். ‘நக்குடா அலி வழக்கு’ என்று சட்ட மாணவர்கள் இன்றும் படிக்கும் அந்த வழக்கில், அன்று இலங்கைக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் 1950இல் தீர்ப்புச் சொன்னது: இது நீதிபதியைப் போல விசாரித்துச் செய்ய வேண்டிய காரியம் அன்று, கொடுத்த சலுகையைத் திரும்பப் பெறுவதுதான். கடையை நம்பி உலை வைக்கும் வீட்டுக்கு ‘சலுகை’ எவ்வளவு கொடிய சொல்! 1963இல் பிரிட்டனின் ரிட்ஜ் எதிர் பால்ட்வின் வழக்கில் நீதிபதி ரீட் பிரபு அந்த வாதத்தைக் கண்டித்த பிறகே அதன் பிடி தளர்ந்தது.

இந்திய அரசியலமைப்பின் 19ஆவது பிரிவு வணிகம் செய்வதை அடிப்படை உரிமை என்கிறது. அதனால்தான் உரிமத்தைப் பறிக்குமுன் குற்றச்சாட்டை எழுத்தில் தரவேண்டும், கடைக்காரர் பதில் சொல்ல அவகாசமும் வேண்டும் என்று நம் நீதிமன்றங்கள் வற்புறுத்துகின்றன.