முகமறியாத முகங்கள் – 9: அந்த மெல்லிய குரல்

ஜான் ஃபீட்லர் என்ற நடிகரின் பெயரைச் சொன்னால் அமெரிக்காவிலேயே பலர் யோசிப்பார்கள். குரலைக் கேட்டால் உடனே பிடித்துவிடுவார்கள். கொஞ்சம் அதட்டினால் அடங்கிவிடும் போலிருக்கிற மெலிந்த, உச்சமான குரல் அது.

1925-ல் விஸ்கான்சின் மாநிலத்தில் பிறந்தவர். இரண்டாம் உலகப்போரில் கடற்படையில் இருந்துவிட்டு நியூயார்க் வந்தார், வானொலி நாடகங்களில் நுழைந்தார். குள்ள உருவம், ஏறு நெற்றி. கதாநாயகன் வேடத்துக்கு யாரும் கூப்பிடப் போவதில்லை.

1957-ல் சிட்னி லூமெட் இயக்கிய '12 ஆங்கிரி மென்' படம் வந்தது. அதில் இரண்டாம் எண் ஜூரர் இவர்தான். முதலில் கருத்துக் கேட்டபோது பேச்சு வராமல் திணறும் வங்கி ஊழியர். ஆனால் கொலைக்குற்றம் சாட்டப்பட்ட குட்டையான பையன், உயரமான தகப்பனை மேலிருந்து கீழாக எப்படிக் குத்தியிருப்பான் என்ற சந்தேகத்தைக் கிளப்புபவரும் இவரே. படத்தின் நாயகன் ஹென்றி ஃபோண்டாவைக் கொண்டாடுகிறவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

இருந்தாலும், ஃபீட்லருடைய ஆகச்சிறந்த வேடம் அதுவல்ல என்பேன். 1959-ல் பிராட்வேயில் 'எ ரெய்சின் இன் த சன்' மேடையேறியது. எழுதியவர் லோரெய்ன் ஹான்ஸ்பெரி. கறுப்பினப் பெண் ஒருவர் எழுதிய நாடகம் பிராட்வே ஏறியது அதுவே முதல்முறை. அந்த நாடகத்தில் வரும் ஒரே வெள்ளையர் கார்ல் லிண்ட்னர்; அந்த வேடம் ஃபீட்லருக்கு. சிகாகோவின் வெள்ளையர் பகுதியில் வீடு வாங்கிய கறுப்பினக் குடும்பத்தைத் தேடி வருகிறார். கத்தவில்லை, மிரட்டவில்லை. தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு, கூச்சத்தோடு, மரியாதையாக, 'கூடுதல் விலை தருகிறோம், அங்கே குடிவர வேண்டாம்' என்கிறார். எவரையும் பயமுறுத்தாத ஃபீட்லரின் குரலில் அந்த வார்த்தைகளைக் கேட்கும்போது நமக்குக் கூசுகிறது. முரட்டு வில்லன் ஒருவர் பேசியிருந்தால் அவரை வெறுத்துவிட்டு நிம்மதியாக இருந்திருப்போம்.

கதையும் கற்பனை மட்டுமல்ல. ஹான்ஸ்பெரியின் தந்தை சிகாகோவில் அப்படி ஒரு வீட்டை வாங்கியதால் எழுந்த வழக்கு 1940-ல் உச்ச நீதிமன்றம் வரை போனது. 1961-ல் நாடகம் படமானபோது, நாயகன் சிட்னி பாய்ட்டியரின் எதிரே லிண்ட்னராக நின்றவரும் ஃபீட்லர்தான்.

பிறகு வேலைக்குக் குறைவில்லை. 'ஸ்டார் ட்ரெக்'கில் கொலைகார ஆவி புகுந்த அதிகாரி, 'தி ஆட் கபிள்' படத்தில் சீட்டாட்டக் கூட்டாளி, 'பாப் நியூஹார்ட் ஷோ'வில் மனநல ஆலோசனைக்கு வரும் பயந்தாங்கொள்ளி. 1968-லிருந்து டிஸ்னியின் 'வின்னி த பூ' கார்ட்டூன்களில் பன்றிக்குட்டி பிக்லெட்டுக்குக் குரல் கொடுத்தார். முகம் தெரியாமலே மூன்று தலைமுறைக் குழந்தைகள் அவரை நேசித்தார்கள்.

2005 ஜூன் 25 அன்று, 80-வது வயதில் காலமானார். அதற்கு முந்தைய நாள்தான் அதே 'வின்னி த பூ' தொடரில் டிகர் புலிக்குக் குரல் கொடுத்த பால் வின்செல் மறைந்திருந்தார். செய்திகள் பிக்லெட்டைப் பற்றியே பேசின. வாசகர்கள் அந்த 1961 படத்தைத் தேடிப் பாருங்கள். லிண்ட்னர் வரும் காட்சிகளையாவது தவறவிடாதீர்கள்.