காட்டுவழி வந்த அரிசி

சென்ற இதழில் ஆற்காட்டு முற்றுகை முடிந்ததோடு நிறுத்தியிருந்தோம். ஐம்பது நாள் தாக்குப்பிடித்த அந்த ஒரு சம்பவம் ராபர்ட் கிளைவின் பெயரை லண்டன் வரை கொண்டுபோய்ச் சேர்த்தது. ஆனால் கர்நாடகப் போரில் இரு தரப்பும் உண்மையில் குறிவைத்த ஊர் திருச்சிராப்பள்ளி. கோட்டைக்குள் ஆங்கிலேயர் ஆதரித்த நவாப் முகமது அலி, வெளியே நவாப் பட்டத்துக்குப் போட்டியிட்ட சந்தா சாகிபும் பிரெஞ்சுப் படையும் என்று 1751இல் தொடங்கிய அந்த இழுபறி, தரப்புகள் மாறியும் கூட்டாளிகள் கட்சி தாவியும் 1754 வரை ஓய்வில்லாமல் நடந்தது. அதை முடிவு செய்தது எது என்று கேட்டால் கிளைவின் துணிச்சல் என்பார்கள். விவரம் தெரிந்தவர்கள் மேஜர் லாரன்ஸின் பொறுமை என்பார்கள். நான் புதுக்கோட்டைச் சீமையைச் சொல்வேன். கீரனூருக்கும் குன்றாண்டார்கோவிலுக்கும் சுற்றுவட்டத்தில் அன்று அடர்ந்து கிடந்த காடும், அதன் ஒற்றையடிப் பாதைகளில் மாட்டின் முதுகிலும் ஆள் தலையிலும் போன அரிசியும் அந்தப் போரின் போக்கை மாற்றின. பல படைகள் ஒரு நோக்கத்துக்காகச் சேர்ந்து போரிடும்போது எது அவற்றைக் கட்டிவைக்கிறது, எது அறுத்துவிடுகிறது என்று பார்ப்பதற்கு நம் மாவட்டத்திலேயே கிடைக்கும் பாடம் இது.

கூட்டு நடவடிக்கை என்ற சொல் இன்றைய இராணுவப் பேச்சில் அதிகம் அடிபடுகிறது. 2001இல் அந்தமான் நிக்கோபாரில் முப்படைகளுக்கும் பொதுவான கட்டளையகம் வந்தது. 2020 ஜனவரி முதல் முப்படைத் தலைமைத் தளபதி என்ற பதவி நடைமுறைக்கு வந்தது. வெவ்வேறு படையினரை ஒரே அதிகாரியின் ஒழுங்கு அதிகாரத்தின் கீழ் வைக்க 2023இல் தனிச் சட்டமே இயற்றினார்கள். நீலகிரியில் வெலிங்டன் பணியாளர் கல்லூரியில் தரைப்படை, கடற்படை, வான்படை அதிகாரிகள் ஒன்றாக உட்கார்ந்து படிக்கிறார்கள். சிப்பாயும் கள்ளர் வீரரும் மராட்டியக் குதிரைக்காரரும் கலந்திருந்த ஒரு பழைய போரை இந்த அளவுகோலால் அளப்பது பொருந்தாது என்று யாரேனும் சொல்லலாம். ஆயுதங்களைப் பொறுத்தவரை பொருந்தாதுதான். ஆனால் திட்டமிடுபவர் முன் நிற்கும் கேள்விகள் மாறவில்லை. வெற்றி என்று எதைச் சொல்கிறோம் என்பதில் கூட்டாளிகள் ஒத்துப்போகிறார்களா? யார் எந்த வேலையைச் செய்வது? எல்லோருக்கும் சோறு எங்கிருந்து வரும்? மூன்றாவதைக் கேட்காமல் முதல் இரண்டில் மட்டும் கெட்டிக்காரர்களாக இருந்த தளபதிகள் எல்லா நூற்றாண்டிலும் உண்டு.

1752இன் தொடக்கத்தில் முகமது அலிக்குச் சேர்ந்த கூட்டணி காகிதத்தில் மிகப் பெரியது. குதிரைப்படை 20,000, காலாட்படை 20,000 என்று வரலாற்றாசிரியர் ராபர்ட் ஓர்ம் கணக்குத் தருகிறார். மைசூரிலிருந்து நஞ்சராஜா பெரும்படையோடு வந்திருந்தார். கூலிக்குப் போரிடும் முராரி ராவின் மராட்டியக் குதிரைகள் அவருடன். தஞ்சை மன்னர் பிரதாப சிம்மர், தளபதி மானோஜியின் தலைமையில் 3,000 குதிரையும் 2,000 காலாட்களும் அனுப்பினார். புதுக்கோட்டை விஜயரகுநாதராயத் தொண்டைமானின் பங்கு 400 குதிரை, 3,000 கள்ளர் வீரர்கள். பங்குனி வாக்கில் லாரன்ஸ் ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பெனிப் படையோடு வந்து சேர்ந்ததும், பிரெஞ்சுத் தளபதி ஜாக் லா காவிரியின் தெற்குக் கரையை விட்டுத் திருவரங்கத் தீவுக்குள் ஒடுங்கினார். அடுத்து நடந்தது நல்ல திட்டம். படையை இரண்டாகப் பிரித்து, லாரன்ஸ் தெற்கில் நிற்க, கிளைவ் கொள்ளிடத்துக்கு வடக்கே சமயபுரத்தில் போய் உட்கார்ந்தார். கிழக்கே கோவிலடியை மானோஜி பிடித்தார். புதுச்சேரியிலிருந்து உதவிக்கு வந்த படை வாலிகண்டபுரம் பக்கம் மடக்கப்பட்டது. ஜூன் மாதம் லா சரணடைந்தார். தீவுக்குள் இருந்த படையைத் தோற்கடித்ததில் துப்பாக்கிக்கு இருந்த பங்கைவிட அடைபட்ட வழிகளுக்கு இருந்த பங்கு பெரிது. இதைக் கவனித்து வைத்துக்கொள்ள வேண்டும்; அடுத்த இரண்டாண்டில் இதே உத்தி திரும்பி வந்து ஆங்கிலேயர் கழுத்தையே பிடித்தது.

வெற்றி கிடைத்த அன்றே கூட்டணி பிளக்கத் தொடங்கியது. மானோஜியிடம் அடைக்கலம் கேட்டு வந்த சந்தா சாகிபை மைசூரார் தங்களிடம் தரச் சொன்னார்கள், மராட்டியரும் கேட்டார்கள், முகமது அலியும் கேட்டார், கம்பெனியும் கேட்டது. யாருக்குக் கொடுத்தாலும் மற்றவர் பகை என்ற நிலையில் தலையை வெட்டிச் சச்சரவை முடித்தார் மானோஜி. அதைவிடப் பெரிய வெடி இன்னொன்று இருந்தது. உதவிக்கு விலையாகத் திருச்சிராப்பள்ளியையே மைசூருக்குத் தருவதாக முகமது அலி மறைவாக வாக்குக் கொடுத்திருந்தார். எந்த ஊரைக் காப்பாற்றக் கம்பெனி படை அனுப்பியதோ அதே ஊர் கூட்டாளி ஒருவருக்கு முன்பே பேசி முடிக்கப்பட்டிருந்தது! நஞ்சராஜா கேட்டபோது நவாப் தவணை சொன்னார், மதுரையைத் தருகிறேன் என்று பேரம் பேசினார். நஞ்சராஜா திருவரங்கத்தை விட்டு நகரவில்லை. அந்த ஆண்டு முடிவதற்குள் புதுச்சேரியின் பிரெஞ்சு ஆளுநர் டூப்ளேயுடன் கைகோர்த்துவிட்டார். முராரி ராவும் பணம் இருந்த பக்கம் போனார். கூட்டணியின் மிகப் பெரிய இரண்டு படைகளும் எதிரணியில் நின்றன. துரோகம் என்று இதைச் சொல்வது எளிது; நஞ்சராஜாவின் கோணத்திலிருந்து பார்த்தால் ஏமாற்றப்பட்டவர் அவர்தான். போரின் முடிவில் யாருக்கு என்ன என்பதை மூடிவைத்துக்கொண்டு போட்ட திட்டம் அது.

இரண்டாவது முற்றுகை பசியால் நடத்தப்பட்டது. 1753 வசந்தத்தில் கோட்டைக் காவலரான கேப்டன் டால்டன் களஞ்சியத்தைத் திறந்து பார்த்தபோது மூன்று வாரத்துக்கான தானியமே மிச்சம் இருந்தது. பொறுப்பில் இருந்த நவாபின் மைத்துனர் மீதியை விற்றுத் தீர்த்திருந்தார். திருவதிகையில் இருந்த லாரன்ஸ் அடித்துப் பிடித்து மே மாதம் திருச்சி வந்து சேர்ந்தார். ஊர்மக்கள் பெரும்பாலோர் வெளியேறிவிட்டார்கள். வடக்கே தீவில் மைசூரார். மேற்கே அவர்கள் நாடு. சமவெளி எங்கும் மராட்டியக் குதிரைகள். கிழக்கே தஞ்சை தானியம் விளையும் பூமி, ஆனால் பிரதாப சிம்மர் எந்தப் பக்கம் சாய்வது என்று தயங்கிக்கொண்டிருந்தார். வியாபாரிகளும் மராட்டியருக்கு அஞ்சினார்கள். தெற்கும் தென்கிழக்கும்தான் மிச்சம். அங்கே தொண்டைமான் காடு தொடங்கியது. குதிரைப்படையின் வேகம் முள்மரங்களுக்கு இடையில் செல்லாது. காட்டுக்குள் கிள்ளனூரில் சிப்பாய்களை நிறுத்தி, சீமையில் திரட்டிய அரிசியையும் ஆடுமாடுகளையும் அங்கே சேர்த்து, காட்டின் விளிம்பு வரை கொண்டுவந்து, முகாமிலிருந்து வரும் காவல்படையிடம் இரவோடிரவாக ஒப்படைத்தார்கள். பாதை தெரிந்தவர்கள் உள்ளூர்க்காரர்கள். மைதானத்தில் சண்டையிடக் கம்பெனிப் படை, காட்டுக்குள் வழங்கலுக்குத் தொண்டைமான் ஆட்கள், இரண்டையும் இணைக்கும் ஒற்றுக்கும் காவலுக்கும் சிப்பாய்த் தளபதி யூசுப்கான், அதாவது நாம் மருதநாயகம் என்று அறிந்தவர். வேலைப் பிரிவினை இதைவிடக் கச்சிதமாக அமையாது.

போரை முடித்தது லாரன்ஸ் வென்ற சண்டைகள் அல்லவா என்ற மறுப்பை ஒதுக்கிவிட முடியாது. 1753 ஜூனில் பொன்மலையில் கைநழுவிய பாறையை ஒரு சிறு படை ஏறி மீட்டது. செப்டம்பரில் பிரெஞ்சுப் படை தன் முகாமிலேயே முறியடிக்கப்பட்டது. இரண்டும் பெரிய வெற்றிகள்தான். ஆனால் பொன்மலையில் வென்ற சில நாளிலேயே லாரன்ஸ் என்ன செய்தார் என்று பாருங்கள். வென்ற இடத்தில் அவரால் இருக்க முடியவில்லை. படையோடு புறப்பட்டுத் தொண்டைமான் காட்டுக்குள் குன்றாண்டார்கோவிலில் போய்த் தங்கினார். தஞ்சை மன்னரைச் சமாதானப்படுத்த பாக் என்பவரை அங்கிருந்து தூது அனுப்பினார். மானோஜியின் குதிரைகளும், கடல்வழி வந்த புதிய வீரர்களும், பொதிமாட்டுக் கூட்டமும் சேர்ந்த பிறகே ஆகஸ்டில் சண்டையிட்டுக்கொண்டே திருச்சிக்குத் திரும்பினார். சண்டைகள் பாதையைத் திறந்து வைக்க நடந்தன. பாதை அடைபட்டால் வெற்றியின் ஆயுள் சில வாரம். 1754 பிப்ரவரியில் கூத்தைப்பார் அருகே ஒரு வழங்கல் வரிசையை முராரி ராவும் அன்று மைசூரின் இளம் தளபதியாக இருந்த ஹைதர் அலியும் பாய்ந்து அழித்தபோது கம்பெனியின் கிரனேடியர் படைப்பிரிவு முழுதாகப் போயிற்று. அந்த முற்றுகைக் காலத்தில் லாரன்ஸ் பட்ட மிக மோசமான அடி எந்தக் கோட்டையடியிலும் நிகழவில்லை, மாட்டுவண்டிப் பாதையில் நிகழ்ந்தது.

அதன்பின் தஞ்சைப் பக்கத்து வரத்து வறண்டது. தொண்டைமான் காட்டை நம்பியே நாட்கள் ஓடின. மே 12ஆம் நாள் அப்படி வரும் பொதிகளை எதிர்கொள்ளக் கேப்டன் கேலியட் விடியுமுன் புறப்பட்டார். முன்னே போன யூசுப்கான் ஒரு கண்மாய்க் கரையில் ஏற, அவருடைய குதிரை கனைத்தது. கரைக்கு அப்பாலிருந்து வேறு குதிரைகள் பதில் கனைத்தன. பதுங்கியிருந்த எதிரிகள் அப்படித்தான் தெரியவந்தார்கள். அன்றைய சண்டையில் கம்பெனிப் படை நிலைத்து நின்றது. என் வாதத்துக்கு அதைவிட முக்கியம் எதிரிகள் எடுத்த அடுத்த முடிவு. கோட்டையையும் முகாமையும் விட்டுவிட்டு, பிரெஞ்சு, மைசூர்ப் படைகள் தொண்டைமான் சீமையைச் சூறையாடக் கிளம்பின. போரின் நரம்பு எங்கே ஓடுகிறது என்பதில் அவர்களுக்குச் சந்தேகம் இருக்கவில்லை. போன இடத்தில் ஊர்கள் காலி. மக்கள் தானியத்தோடும் மாடுகன்றுகளோடும் காட்டுக்குள் ஒளிந்துவிட்டார்கள். கிள்ளுக்கோட்டையைப் பிடித்ததுதான் மிச்சம். அங்கிருந்து கோவிலடி போய்க் காவிரிக் கரையை உடைத்துத் தஞ்சை மேல் ஆத்திரத்தைத் தீர்த்துக்கொண்டார்கள். பெயர் தெரியாத அந்தக் குடியானவர்களின் வெளியேற்றத்தை ஒரு இராணுவச் செயலாகவே நான் கணக்கில் எடுக்கிறேன். வரலாற்று நூல்கள் அதற்கு இரண்டு வரிக்கு மேல் ஒதுக்குவதில்லை.

கடற்படையின் பங்கை விட்டுவிட்டோமே என்று கேட்பவர்களுக்கு: 1754 செப்டம்பரில் அட்மிரல் வாட்சன் கப்பல்களோடும் அரசரின் 39ஆம் படைப்பிரிவோடும் வந்ததும் பேரம் ஆங்கிலேயர் பக்கம் சாய்ந்தது உண்மை. அக்டோபரில் போர்நிறுத்தம் வந்தது. டூப்ளே ஊர் திரும்பினார். ஆனால் கப்பல் வந்து சேரும்வரை பேசுவதற்குத் திருச்சி கையில் இருந்தாக வேண்டும். அதைக் கையில் வைத்திருந்தது அரிசி.

தொண்டைமான் ஏன் மாறவில்லை? விசுவாசம் என்று கம்பெனி எழுத்தர்கள் பூரித்துப் புகழ்ந்தார்கள். அடிமைப் புத்தி என்று பிற்காலத்தவர் ஏசினார்கள். இரண்டுமே ஆளைப் பார்க்கின்றன, இடத்தைப் பார்க்கவில்லை. திருச்சி மைசூரிடம் போனால் வாசற்படியில் ஒரு பேரரசு. 1730களில் தஞ்சைத் தளபதி ஆனந்தராவ் படையெடுத்து வந்து சீமையைச் சூறையாடி, தொண்டைமானைத் திருமயம் கோட்டைக்குள் அடைத்துவைத்த நினைவும் பழசாகிவிடவில்லை. பெரிய அண்டை நாடுகளுக்கு நடுவே இருந்தவருக்குத் தொலைவிலுள்ள கூட்டாளி தேவைப்பட்டார். பலவீனமான நவாப் திருச்சியில் இருப்பதே அவருக்கு வேண்டியிருந்த முடிவு. கம்பெனிக்கும் அதுவே வேண்டியிருந்தது. மறைக்க ஒன்றும் இல்லாததால் உடைய ஒன்றும் இல்லை. கம்பெனி நாட்டையே விழுங்கும் என்று 1753இல் அவர் கண்டிருக்க வேண்டும் என்பது, பின்னால் நடந்தது தெரிந்த நாம் செய்யும் வசதியான விசாரணை. அன்று இரு பக்கமும் ஐரோப்பியர் இருந்தார்கள், இரு பக்கமும் தமிழர் இருந்தார்கள்.

இதே நியாயத்தை அரை நூற்றாண்டு கழித்து நடந்தவற்றுக்கும் நீட்ட நான் தயாரில்லை. 1799இல் அவருக்குப் பின்வந்த தொண்டைமானின் ஆட்கள் கட்டபொம்மனைப் பிடித்துக் கொடுத்தபோதும், 1801இல் மருது சகோதரர்களுக்கு எதிராகப் புதுக்கோட்டைப் படை போனபோதும், கம்பெனி யார் என்பது தெற்கில் அனைவருக்கும் தெரியும். 1803இல் கிடைத்த கீழாநிலை அதற்கான பரிசு. அந்த முறை காடு எதிரிகள் கையில் இருந்தது. காளையார்கோயிலுக்கு மரம் வெட்டி வழி போட முயன்று கர்னல் அக்னியூ ஒரு மாதத்தை வீணாக்கினார். அந்தக் கதை அடுத்த இதழில்.