வடதுருவ ஆவணப்படங்களில் நிலமும் காலமும்

ஒரு மக்கட்கூட்டத்தின் வாழ்வைப் படமெடுப்போர் யாவர் என்பதைப் பொறுத்து, அப்படத்துள் நிலமும் காலமும் அமையும் முறை வேறுபடுகின்றது. இக்கருத்தை, கனடாவின் வடபால் வாழும் இனுயிட் மக்களைப் பற்றிய இரண்டு ஆவணப்படங்களைக் கொண்டு ஈண்டு ஆராய்வோம்.

முதலாவது, இராபர்ட் பிளாகர்ட்டி இயற்றி 1922-இல் வெளிவந்த 'நானூக் ஆப் த நார்த்' என்னும் பேசாப் படம். ஹட்சன் விரிகுடாவின் கீழ்க்கரையில், ரெவில்லான் பிரேர் என்னும் மென்மயிர்த்தோல் வணிக நிறுவனத்தின் பொருளுதவியால் அஃது எடுக்கப்பெற்றது. இனுயிட் மக்கள் நடித்ததோடு படப்பிடிப்பிலும் துணைநின்றனர். அக்காலத்தே துப்பாக்கி அவர்களிடைப் பரவியிருந்தும், வால்ரசு வேட்டை எறியீட்டியால் நிகழ்வதாகவே காட்டப்பெற்றது. ஒளி போதாமையால் பனிவீடும் ஒருபுறம் திறந்ததாய் அமைக்கப்பெற்றது. தலைவனாகத் தோன்றிய அல்லாகரியல்லாக் என்பார்க்கு 'நானூக்' என்பது படத்துக்கென இட்ட பெயரே.

இவற்றைப் பொய்ம்மை எனக் குறைகூறுவார் பலர். அதனினும் பெரியதொரு குறை உண்டென்பது நம் கருத்து. அப்படத்துள் நிலத்துக்கு வரலாறு இல்லை. பனி என்றும் ஒருதன்மையது. மனிதன் அதனோடு ஓயாது போராடுகின்றான். மாறாத நிலத்தில் மாறாது வாழ்வோராகக் காட்டப்பெற்றவர், மாற்றத்துக்குச் சான்றுரைக்கும் இடத்தையும் இழக்கின்றனர்.

அவ்விடத்தை மீட்ட முயற்சி இக்லூலிக் என்னும் ஊரில் தோன்றியது. தாய்மொழி நிகழ்ச்சிகள் இல்லாத தொலைக்காட்சியை 1970-களில் வாக்களித்து மறுத்த ஊர் அது. அவ்வூர்க் கலைஞர் சக்கரியாஸ் குனுக், தாம் செதுக்கிய கற்சிற்பங்களை விற்று 1981-இல் வீடியோப் படக்கருவி வாங்கினார். 1990-இல் நண்பரோடு கூடி இசுமா நிறுவனத்தைத் தொடங்கினார். 2010-இல் அவரும் இயான் மௌரோ என்னும் ஆய்வாளரும் இணைந்து, காலநிலை மாற்றம் பற்றிய இனுயிட் அறிவைப் படமாக்கினர். அதன்கண் முதியோர், கடற்பனி, காற்று, விலங்கு ஆகியவற்றின் மாற்றங்களைத் தம் இனுக்டிடூட் மொழியிலேயே எடுத்துரைக்கின்றனர்.

அவருள் பலர், கதிரவன் தோன்றும் இடமும் மறையும் இடமும் மாறிவிட்டன. ஆதலின் உலகமே சாய்ந்துவிட்டது என்றனர். அறிவியலார் இதனை ஐயுற்றனர். புவியின் அச்சு கண்ணுக்குப் புலனாகுமாறு சாயவில்லை என்பது உண்மையே. ஆயின், குளிர்ந்த நிலப்பரப்பின்மேல் வெப்பக்காற்று படியுங்கால் ஒளிக்கதிர் வளைந்து, கதிரவன் தன் உண்மையிடத்தின் வேறாகத் தோன்றும். காற்று வெப்பமுறுதலால் இவ்வொளிவிலகல் மாறியிருத்தல் கூடும் என விளக்கம் கூறப்பெற்றது.

ஈண்டுக் காட்சி வேறு, அதற்குக் கூறிய காரணம் வேறு என்பது தெளிவு. காரணம் பொருந்தாமை பற்றிக் காட்சியையும் தள்ளியிருப்பின், ஒரு தலைமுறையின் கூர்ந்த நோக்கு வீணாகியிருக்கும். வாய்மொழிச் சான்றுகளைத் தொகுப்போர் இவ்வேறுபாட்டை உளங்கொள்ளுதல் வேண்டும். முதற்படத்தில் காணப்படும் பொருளாக இருந்தவர், பின்னதில் கண்டுரைக்கும் சான்றோராயினர். ஆவணப்பட வரலாற்றில் வளர்ச்சி என்று சிறப்பித்துச் சொல்லத்தக்கது இதுவே என்பது நம் துணிபு.