விற்றாலும் கட்டும், விற்கவும் கூடாது: கிரய ஒப்பந்த வழக்கில் இடைக்காலத் தடை வந்த வழி

கிரய ஒப்பந்தப்படி பத்திரம் எழுதித் தரக் கோரி வழக்குப் போடுபவர், பிராதோடு ஓர் இடைமனுவையும் தாக்கல் செய்வது நம் நீதிமன்றங்களில் வழக்கம். மனுவில் சர்வே எண், நான்கெல்லை எல்லாம் இருக்கும். பிரதிவாதி சொத்தை மூன்றாம் நபருக்கு விற்க அவசரமாக முயன்று வருவதாகப் பிரமாண வாக்குமூலத்தில் ஒரு வரியும் தவறாமல் இருக்கும். எதிர்த்தரப்பின் பதிலும் மாறாதது: சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு இருக்கத் தடை எதற்கு? வழக்கு நிலுவையில் வாங்குபவரைத் தீர்ப்பு எப்படியும் கட்டுப்படுத்துமே!

மேலோட்டமாகப் பார்த்தால் நியாயமான கேள்விதான். ஆனால் இரண்டு கருவிகளும் வெவ்வேறு வழியில் வந்தவை.

52-ஆம் பிரிவில் உள்ள நிலுவைக் கோட்பாடு வயதில் மூத்தது. 17-ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் சான்சலராக இருந்த பிரான்சிஸ் பேகன் வகுத்த விதிகளிலேயே, வழக்கு மும்முரமாக நடக்கும்போது சொத்தை வாங்கியவரைத் தீர்ப்பு கட்டும் என்று இருக்கிறது. 1857-இல் பெல்லமி எதிர் சபின் வழக்கில் நீதிபதி டர்னர் இதற்குக் காரணம் சொன்னார். வாங்கியவருக்கு வழக்கு தெரியுமா என்பதல்ல பிரச்சினை. விற்க விட்டால் வாதி ஒவ்வொரு புது உரிமையாளர் மீதும் மறுபடி வழக்குப் போட வேண்டிவரும், எந்த வழக்கும் முடியாது. 1882-இல் இது இந்தியச் சட்டமானது. அன்றைய வாசகம் ‘மும்முரமாக நடத்தப்படும்’ வழக்கையே குறித்தது. வாதி சற்றுத் தூங்கினால் பாதுகாப்பு போயிற்று. 1929 திருத்தம் அதை மாற்றி, பிராது தாக்கலாகும் நாள் முதல் தீர்ப்பு நிறைவேறும் வரை நிலுவைதான் என்றாக்கியது.

தடையின் கதை உரிமையியல் விசாரணைமுறைச் சட்டத்தில் தொடங்குகிறது. வழக்குச் சொத்து விரயமாகவோ சேதமாகவோ கைமாறவோ கூடிய ஆபத்து இருந்தால் நீதிமன்றம் தடுக்கலாம் என்று 1859 சட்டத்தின் 92-ஆம் பிரிவு சொன்னது. 1908 சட்டத்தில் அதுவே கட்டளை 39, விதி 1 ஆயிற்று. இங்கிலாந்தில் ஒப்பந்தம் போட்டவுடனேயே வாங்குபவருக்குச் சொத்தில் ஈக்விட்டி வழியே ஓர் உரிமை பிறந்துவிடும். நம் சொத்து மாற்றுச் சட்டத்தின் 54-ஆம் பிரிவோ, கிரய ஒப்பந்தம் மட்டும் சொத்தில் எந்த உரிமையையும் தராது என்கிறது. முன்பணம் கொடுத்தவர் கையில் இருப்பது வெறும் வாக்குறுதி. இங்கே தடை மனு இவ்வளவு பெருகியதற்கு இதுவே முக்கியக் காரணம் என்பது என் கருத்து.

52-ஆம் பிரிவுக்கு இன்னொரு குறையும் உண்டு. அது யார் கண்ணுக்கும் தெரியாது. முப்பது வருடத்துக்கு வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து வாங்கினாலும், நிலுவை வழக்கு அதில் வராமல் போகலாம். இங்கிலாந்து 1839-லேயே நிலுவை வழக்கைப் பதிவு செய்யும் முறையைக் கொண்டுவந்தது. 1939-இல் பம்பாய் மாகாணம் அப்படியொரு திருத்தம் செய்தது. 1998-இல் சட்ட ஆணையத்தின் 157-ஆவது அறிக்கை அதை நாடு முழுவதற்கும் பரிந்துரைத்தது. 2010-இல் உச்ச நீதிமன்றமும் வலியுறுத்தியது. அதற்கு இரண்டாண்டு முன்புதான், தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கில், நல்லெண்ணத்தோடு விலை கொடுத்து வாங்கினேன் என்ற வாதமும் 52-ஆம் பிரிவின் முன் எடுபடாது என்று அதே நீதிமன்றம் கூறியிருந்தது. ஏமாறுபவர் வாதியல்ல, மூன்றாமவர். விற்பவரின் கையையே பிடிக்கும் தடை, இந்த மூன்றாமவரையும் சேர்த்துக் காக்கிறது.

தடையை மீறினால்? 1976-இல் கட்டளை 39-இல் சேர்ந்த விதி 2அ, சொத்து ஜப்தியையும் மூன்று மாதம் வரை உரிமையியல் சிறையையும் விதிக்கிறது. மீறி எழுதிய பத்திரத்தின் கதியில்தான் குழப்பம். 1995-இல் அத்தகைய கைமாற்றத்தை நீதிமன்றம் ஏற்கவே கூடாது என்றது உச்ச நீதிமன்றம். 2013-இல், அது அடியோடு செல்லாததாகிவிடாது, தீர்ப்புக்குக் கட்டுப்பட்டது, வாங்கியவரைத் தரப்பாகச் சேர்க்கலாம் என்றது. இரண்டையும் இணைத்துப் படிக்க வழக்கறிஞர்கள் இன்றும் சிரமப்படுகிறார்கள்.

தடை கேட்டவுடன் கிடைப்பதுமில்லை. முதல்நோக்கு வழக்கு, வசதிச் சமநிலை, ஈடுசெய்ய முடியாத இழப்பு ஆகிய மூன்றையும் வாதி காட்ட வேண்டும்; அவற்றை உச்ச நீதிமன்றத்தின் 1991 தீர்ப்பு விரிவாக விளக்கியது. 2004-இல் உச்ச நீதிமன்றம், வழக்கு முடியும்வரை சொத்தின் நிலையை மாற்றவோ கைமாற்றவோ பொதுவாக விடக்கூடாது என்று வாதியின் பக்கம் சாய்ந்தது. 2020-இல் காற்று திரும்பியது. குஜராத் நில வழக்கு ஒன்றில், பேரம் முடிவானதா என்பதே மின்னஞ்சலையும் வாட்ஸ்ஆப் செய்திகளையும் நம்பி நின்றது. அவற்றின் பொருளைச் சாட்சி விசாரணையில்தான் நிரூபிக்க வேண்டும் என்று சொல்லி, கீழே கொடுத்திருந்த தடையை உச்ச நீதிமன்றம் நீக்கியது.