சாயலும் சான்றிதழும்: தோல் பூமியில் தலித் கிறிஸ்தவர்களின் தன்மதிப்பு

பேரணாம்பட்டு, ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டை. இந்தத் தோல் தொழில் வட்டாரத்தின் காலனிகளில் களப்பணி செய்கிறவர்களுக்கு ஒரு விஷயம் சீக்கிரமே பிடிபட்டுவிடும். இங்கே பலருக்கு இரண்டு பெயர். ஆலயப் பதிவேட்டில் ஒன்று, சாதிச் சான்றிதழில் இன்னொன்று. வீட்டுச் சுவரில் ஏசு படம் இருக்கும். விண்ணப்பத்தில் மதம் என்ற இடத்தில் 'இந்து' என்று இருக்கும்.

இதை 'ஏமாற்று வேலை' என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறவர்கள் இருக்கிறார்கள். ஒரு மனிதர் தன் பெயரையே மறைத்து வாழவேண்டிய நிலை எப்படி வந்தது என்று அவர்கள் கேட்பதில்லை. அதைக் கேட்டால் 170 ஆண்டு வரலாற்றுக்குள் போகவேண்டியிருக்கும்.

கிறிஸ்தவம் தலித்துகளுக்குத் தன்மதிப்பைத் தந்ததா? இந்தக் கேள்விக்கு இரண்டு சுலபமான பதில்கள் புழக்கத்தில் உள்ளன. 'மிஷனரிகள் வந்துதான் உங்களை மனிதர்களாக்கினார்கள்' என்பது ஒன்று. 'சோற்றுக்காக மதம் மாறினீர்கள்' என்பது மற்றொன்று. இரண்டிலும் தலித்துகள் வெறும் கைநீட்டிகள். இரண்டும் தவறு.

சேரி எடுத்த முடிவு

வட ஆற்காட்டில் அமெரிக்க சீர்திருத்தச் சபையின் ஆற்காடு மிஷன் 1853-இல் உருவானது. ஸ்கடர் குடும்பத்துச் சகோதரர்கள் அதைத் தொடங்கினார்கள். வேலூர் சி.எம்.சி.யை உருவாக்கிய ஐடா ஸ்கடர் அந்தக் குடும்பத்தின் அடுத்த தலைமுறை. 1870-இல் ராணிப்பேட்டையில் பிறந்தவர். மிசௌரி லுத்தரன் மிஷன் 1895-இல் கிருஷ்ணகிரியில் வேலையைத் தொடங்கி, அடுத்த சில ஆண்டுகளில் ஆம்பூர், வாணியம்பாடிப் பக்கம் வந்தது.

அவர்கள் வருவதற்கு முன்பே தமிழ்க் கிறிஸ்தவத்துக்குள் சாதிச் சண்டை நடந்துகொண்டிருந்தது. சபைக்குள் சாதி கூடாது என்று ஆங்கிலிக்கன் பேராயர் டேனியல் வில்சன் 1833-இல் உத்தரவிட்டபோது, வேப்பேரியிலும் தஞ்சாவூரிலும் வேளாளக் கிறிஸ்தவர்கள் கடுமையாக எதிர்த்தார்கள். 1850-இல் சென்னையில் கூடிய மிஷனரிகள் சாதியை விட்டவர்களுக்குத்தான் சபையில் இடம் என்றார்கள். லைப்சிக் லுத்தரன் மிஷன் மட்டும் அதற்கு உடன்படவில்லை. சாதி நாட்டு வழக்கம், மெதுவாகப் போகும் என்றது. ஆற்காடு மிஷன் சாதியை ஏற்காத பக்கம் நின்றது.

ஆனால் சேரிகளைக் கிறிஸ்தவத்துக்குக் கொண்டுவந்தது மிஷனரிகளின் திட்டம் அல்ல. அந்தக் கால மிஷனரிகளில் பெரும்பாலோர் மேல்சாதியினர் மாறினால் மற்றவர்கள் தானாக வருவார்கள் என்று நம்பியவர்கள். நடந்தது வேறு. 1876–78 தாது வருஷப் பஞ்சத்தை ஒட்டியும் அதற்குப் பின்னும் சேரிகள் தாங்களே மிஷனைத் தேடிப் போயின. தனி ஆளாக அல்ல. பெரியவர்கள் கூடிப் பேசி, குடும்பம் குடும்பமாக. அவர்கள் கேட்டவை: ஒரு பள்ளிக்கூடம், ஒரு வாத்தியார், நிலக்காரன் பொய் வழக்குப் போட்டால் அதிகாரியிடம் எடுத்துச் சொல்ல ஒரு ஆள்.

பண்ணையில் அடைபட்டுக் கிடந்த படியாளுக்கு இது சின்ன விஷயமல்ல. பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பினால் மாடு மேய்க்க ஆள் இல்லை என்று நிலக்காரர்கள் மிரட்டினார்கள். ஞாயிற்றுக்கிழமை வேலைக்கு வரமாட்டேன் என்ற சொல்லை அவர்களால் தாங்கிக்கொள்ள முடியவில்லை. வாரத்தில் ஒரு நாள் என்னுடையது என்று ஒரு படியாள் சொல்வதில் இருக்கிற தன்மதிப்பை எந்தப் பிரசங்கத்தாலும் கொடுக்க முடியாது. அதை அவர்களே எடுத்துக்கொண்டார்கள். மிஷன் அதற்கு ஒரு மறைவாக இருந்தது.

சாயல், பாவம்: இரண்டு செய்திகள்

அந்த ஆலயங்களில் இரண்டு செய்திகள் ஒன்றாகவே வந்தன. முதலாவது: எல்லா மனிதரும் கடவுளின் சாயலில் படைக்கப்பட்டவர்கள். ஊர் தீட்டு என்று ஒதுக்கியவருக்கு இது வெடிகுண்டு மாதிரியான செய்தி. இரண்டாவது: நீ பாவி, மனம் திரும்பு.

இந்த இரண்டாவது செய்தியில்தான் சிக்கல். பாபாசாகேப் அம்பேத்கர், மதம் மாறியவர்களின் நிலை குறித்து எழுதியபோது இதைத்தான் பிடித்தார். மதம் மாறிய தீண்டத்தகாதவர்களிடம் சமூக அநீதிக்கு எதிராகப் போராடும் வேகம் ஏன் இல்லை என்பது அவர் கேள்வி. மனிதனின் வீழ்ச்சிக்கு அவனுடைய பாவமே காரணம் என்று கற்பிக்கப்பட்டவன் தன்னைச் சுற்றியுள்ள அமைப்பை மாற்றப் புறப்படமாட்டான். தன்னையே நொந்துகொள்வான் என்று அவர் வாதிட்டார். முன்பு 'போன ஜென்மத்துக் கர்மம்' என்றார்கள். இப்போது 'உன் பாவம்' என்கிறார்கள். இரண்டிலும் குற்றவாளிக் கூண்டில் நிற்பவர் ஒடுக்கப்பட்டவரே. நிலத்தைப் பிடுங்கியவனும் தண்ணீரை மறுத்தவனும் கூண்டுக்கு வெளியே.

தலித் இறையியல் இதற்குப் பதிலாகப் பிறந்தது. 1981-இல் பெங்களூரு ஐக்கிய இறையியல் கல்லூரியில் அர்விந்த் நிர்மல் ஆற்றிய உரையை அதன் தொடக்கமாகச் சொல்வார்கள். மதுரை தமிழ்நாடு இறையியல் கல்லூரியில் தியாபிலஸ் அப்பாவு, 'பரட்டை' என்ற பெயரில், நாட்டுப்புற இசையையும் பறையையும் வழிபாட்டுக்குள் கொண்டுவந்தார். ஒடுக்கப்பட்டவர் முதலில் பாவம் செய்தவர் அல்ல, பாவம் இழைக்கப்பட்டவர் என்று இந்தப் பார்வை சொன்னது. மறைத்து வைத்த அடையாளத்தை வெளியே எடுத்து, கடவுள் இந்தப் பக்கம் நிற்கிறார் என்றது.

யோப்பாவில் ஒரு தோல்காரர்

விவிலியத்தில் அப்போஸ்தலர் நடபடிகளில் ஒரு தகவல் வருகிறது. பேதுரு யோப்பா பட்டணத்தில் பல நாள் தங்கியிருக்கிறார். தங்கிய வீடு, தோல் பதனிடும் சீமோன் என்பவருடையது. கடற்கரை ஓரம். செத்த விலங்கைத் தொடும் தொழில் என்பதால் யூத சமூகம் தோல் பதனிடுபவர்களைத் தாழ்வாகப் பார்த்தது. அந்த வீட்டு மாடியில்தான் பேதுருவுக்குத் தரிசனம் வருகிறது. தீட்டு, சுத்தம் என்ற பிரிவு அங்கே உடைகிறது; எந்த மனிதரையும் தீட்டு என்று சொல்லக்கூடாது என்று அவர் புரிந்துகொள்கிறார்.

ஆம்பூருக்கு இதைவிடப் பொருத்தமான வேதப் பகுதி வேறு இருக்க முடியாது. ஆனாலும் இங்கே நான் கேட்ட பிரசங்கங்களில் பேதுரு வருவார், தரிசனம் வரும்; சீமோனின் தொழில் வராது.

வந்தால் சில விஷயங்களைப் பேசவேண்டியிருக்கும். இங்கே ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்டுப் பதனிட்ட காலத்திலிருந்து, சுண்ணாம்புத் தொட்டியில் இறங்கியவர்களில் பெரும்பாலோர் பறையரும் அருந்ததியரும். 1970-களில் பாதி பதனிட்ட தோலின் ஏற்றுமதிக்கு அரசு கட்டுப்பாடு கொண்டுவந்த பிறகு ஷூ கம்பெனிகள் பெருகின. நம் பெண்கள் கம்பெனி பஸ் ஏறிப் போய் அப்பர் தைக்கத் தொடங்கினார்கள். பாலாறு கெட்டதைப் பற்றி வேலூர் குடிமக்கள் நல மன்ற வழக்கில் உச்ச நீதிமன்றம் 1996-இல் தீர்ப்புச் சொன்னது. அதற்குப் பிறகும் 2015 ஜனவரியில் ராணிப்பேட்டை சிப்காட்டில் தோல் கழிவுத் தொட்டியின் சுவர் உடைந்து, உறங்கிக்கொண்டிருந்த 10 தொழிலாளர்கள் இறந்தார்கள். பெரும்பாலோர் மேற்கு வங்கத்திலிருந்து பிழைக்க வந்தவர்கள். உழைப்பவரின் உடலுக்கு மதிப்பில்லாத இடத்தில் உள்ளத்தின் மதிப்பை மட்டும் தனியாகப் பேச முடியுமா?

அரசு பிரித்த அடையாளம்

1950-இல் குடியரசுத் தலைவர் பிறப்பித்த பட்டியல் சாதிகள் ஆணையின் மூன்றாம் பத்தி, இந்து மதத்தைச் சேராதவர் பட்டியல் சாதியினர் ஆகமாட்டார் என்றது. 1956-இல் சீக்கியர்களும் 1990-இல் பௌத்தர்களும் சேர்க்கப்பட்டார்கள். கிறிஸ்தவர்களும் முஸ்லிம்களும் இன்றும் வெளியே.

இதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போனவர் ஒரு செருப்புத் தொழிலாளி. சென்னைத் தெருவோரத்தில் தொழில் செய்த சூசை. தெருவோரச் செருப்புத் தொழிலாளர்களுக்கு அரசு இலவசமாகக் கொடுத்த பெட்டிக்கடை, கிறிஸ்தவர் என்பதால் அவருக்குக் கிடைக்கவில்லை. மதம் மாறினாலும் சாதி தொடரலாம் என்பதை 1985-இல் நீதிமன்றம் ஒப்புக்கொண்டது. ஆனால் இந்து மதத்துக்குள் இருந்த அதே கொடுமை, அதே அளவில் கிறிஸ்தவத்துக்குள்ளும் தொடர்கிறது என்று நிரூபிக்கவேண்டும் என்று சொல்லி மனுவைத் தள்ளியது. பக்கத்தில் உட்கார்ந்து அதே செருப்பைத் தைத்தவருக்குக் கடை. இவருக்கு இல்லை.

தமிழகத்தில் மதம் மாறிய ஆதிதிராவிடர் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலில் வருகிறார்கள். கல்வி உதவித்தொகை போன்ற சில சலுகைகள் உண்டு. ஆனால் கிறிஸ்தவர் என்று எழுதிக்கொடுத்தவர் குடியாத்தம், கே.வி.குப்பம் போன்ற தனித் தொகுதிகளில் நிற்க முடியாது. தாக்கப்பட்டால் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் அவருக்கு இல்லை. அடிப்பவன் ஞானஸ்நானச் சான்றிதழ் பார்த்தா அடிக்கிறான்?

2007-இல் ரங்கநாத் மிஸ்ரா ஆணையம் மதத் தடையை நீக்கச் சொன்னது. 2022-இல் கே.ஜி. பாலகிருஷ்ணன் ஆணையம் அமைக்கப்பட்டு, அதன் காலம் நீட்டிக்கப்பட்டது. 2023 ஏப்ரலில் தமிழகச் சட்டமன்றம் தீர்மானம் போட்டது. 2024 நவம்பரில் புதுச்சேரிப் பெண் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம், நம்பிக்கை இல்லாமல் இடஒதுக்கீட்டுக்காக இந்து என்று சொல்வது அரசியலமைப்பின் மீதான மோசடி என்றது. பொய் சொல்ல வைக்கும் ஆணை அப்படியே இருக்கிறது. சொன்னவர்மீதுதான் குற்றம்.

சபை பதில் சொல்லவேண்டும்

சபைகளும் தப்பிக்க முடியாது. 2008 மார்ச்சில் விழுப்புரம் அருகே எறையூரில், ஒரே பங்கின் வன்னியக் கத்தோலிக்கர்களுக்கும் தலித் கத்தோலிக்கர்களுக்கும் நடந்த மோதலில் இரண்டு பேர் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார்கள். திருச்சபைக்குள் சாதிப் பாகுபாடு இருப்பதை இந்தியக் கத்தோலிக்க ஆயர் பேரவை 2016-இல் கொள்கை ஆவணமாகவே ஒப்புக்கொண்டது. நம் வட்டாரத்துச் சபைகளில் தலித்துகளே அதிகம். அதனால் 'நம்மிடம் சாதி இல்லை' என்று சொல்லிவிடுவது எளிது. பறையர் குடும்பம் அருந்ததியர் குடும்பத்தில் பெண் எடுக்கும்போது அந்தப் பேச்சு நிற்கிறதா என்று பாருங்கள்.

இப்போது ஜெபக்கூட்டங்களில் வேறொரு செய்தி ஓடுகிறது: நீ தாழ்ந்தவள் என்று நினைப்பதால்தான் தாழ்ந்திருக்கிறாய், நினைப்பை மாற்று, ஆசீர்வாதம் வரும். என் துறையில் நடக்கும் தன்னம்பிக்கைப் பயிற்சிகளும் இதையேதான் வேறு வார்த்தையில் சொல்கின்றன. களைத்து வீடு திரும்பும் ஷூ கம்பெனிப் பெண்ணுக்கு அந்த ஒரு மணி நேரம் ஆறுதல் என்பதை நான் மறுக்கவில்லை. அந்த ஆறுதலைக் கேலி செய்ய எனக்கு உரிமையும் இல்லை. ஆனால் கூலி உயராததற்கும் அவள் நினைப்பே காரணம் என்று ஆகிவிட்டால், அம்பேத்கர் எச்சரித்த இடத்துக்கே திரும்பிவிட்டோம்.

நம் முன்னோர் சேரியாகக் கூடி முடிவெடுத்தார்கள். பள்ளியைக் கேட்டார்கள், ஞாயிற்றுக்கிழமையைக் கேட்டார்கள். அவர்களுடைய தன்மதிப்பு கேட்டுப் பெறும் உரிமையாக இருந்தது.

நாம் கேட்கவேண்டியவையும் தெளிவாகவே உள்ளன. 1950 ஆணையின் மூன்றாம் பத்தி நீங்கவேண்டும். மதம் எதுவானாலும் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் பொருந்தவேண்டும். சபைகள் தங்கள் மேடையில் சாதியின் பெயரைச் சொல்லிப் பேசவேண்டும், தோல் ஷாப்புக் கூலியையும் பேசவேண்டும். ஒருவர் தன் பெயரையும் தன் சாமியையும் தன் உரிமையையும் ஒரே தாளில் எழுத முடிகிற நாள் வரும்வரை, யாரும் நம்மிடம் மோசடி என்ற சொல்லைக் கொண்டுவர வேண்டாம்.