தொண்ணூறு நாள் கெடு

ஃபுளோரிடா போய்வந்ததாகப் பெண்டாட்டியை நம்ப வைக்க வேண்டும். அதற்காக நியூயார்க் கிளப் ஒன்றில் விளக்குக்கு அடியில் கிடந்து உடம்பைக் கறுக்கவைத்துக்கொள்கிறான் ஜெர்ரி. வீட்டுக்கு ஒரு கூடை ஆரஞ்சும் கொண்டுபோகிறான். மனைவி லூசி ஒரு பழத்தைக் கையில் எடுக்கிறாள். மேலே கலிஃபோர்னியா முத்திரை! குடும்ப நீதிமன்றத்தில் தலை நரைத்துப்போன வக்கீல் நான். அந்தப் பழத்தைத்தான் இந்த வழக்கின் முதல் சான்றாவணமாகக் குறித்துக்கொள்வேன்.

அவள் கதை மட்டும் என்ன? பாட்டு வாத்தியாரோடு இரவெல்லாம் வெளியே இருந்துவிட்டுக் காலையில் வந்து, கார் பழுதாகிவிட்டது என்கிறாள். அது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் பொய் சொல்லிப் பழகியவனுக்கு அடுத்தவர் சொல்வது எப்படி உண்மையாகத் தெரியும்? விவாகரத்து வரை போய்விடுகிறார்கள்.

1937-ல் கொலம்பியா நிறுவனத்துக்காக லியோ மெக்கேரி இயக்கிய 'தி ஆஃபுல் ட்ரூத்' இப்படித் தொடங்குகிறது. ஆர்தர் ரிச்மன் எழுதி 1922-ல் மேடையேறிய நாடகம் இது. 1937-க்கு முன்பே அது இரண்டு முறை படமாகியிருந்தது. இதில் கேரி கிராண்டும் ஐரீன் டன்னும் ஜோடி.

அன்றைய நியூயார்க் சட்டத்தைத் தெரிந்துகொண்டு பார்த்தால் சிரிப்பு இரட்டிப்பாகும். அங்கே விவாகரத்துக்கு ஒரே காரணம்தான்: சோரம். அடி உதை, குடி எதுவும் செல்லாது. இருவரும் மனமொத்துப் பிரிகிறோம் என்றால் அது கூட்டுச்சதி, மனு தள்ளுபடி. பணமிருந்தவர்கள் நெவாடாவின் ரீனோ நகருக்கு ரயிலேறினார்கள். 1931 முதல் அங்கே ஆறு வாரம் தங்கினாலே போதும். மற்றவர்களுக்காக நியூயார்க்கில் ஒரு தொழிலே நடந்தது. கணவன் ஓட்டலில் அறை எடுப்பான். கூலிக்கு ஒரு பெண் வந்து உட்கார்வாள். பேசிவைத்த நேரத்தில் துப்பறிவாளர் சாட்சியோடு கதவைத் தட்டுவார். பிறகு கூண்டில் ஏறி எல்லாரும் சத்தியம் செய்வார்கள். சோடிப்பு என்பது பல நீதிபதிகளுக்கும் தெரியாததல்ல.

நீதிமன்றத்தில் சாட்சி இருந்தது, சோரம் இல்லை. படத்தில் சந்தேகம் இருக்கிறது, சாட்சி இல்லை. மெக்கேரியின் கெட்டிக்காரத்தனமே இந்தத் தலைகீழ்தான்.

தீர்ப்பும் உடனே முடிவாகாது. நியூயார்க்கில் முதலில் இடைக்காலத் தீர்ப்பு. மூன்று மாதம் கழித்துத்தான் இறுதி. மனமொத்த விவாகரத்துக்கு நம் இந்து திருமணச் சட்டத்தின் 13-பி பிரிவு தரும் ஆறு மாதத்தைப் போல, மனம் மாற ஓர் அவகாசம். படத்தின் தொண்ணூறு நாளும் அதுதான். அந்த நாட்களில் அவர்கள் கணவன் மனைவியா, அந்நியர்களா? பொறாமைப்பட உரிமை உண்டா? படம் முழுக்க இந்த இக்கட்டில்தான் ஓடுகிறது.

நீதிமன்றக் காட்சியில் சண்டை நாய்க்காக. யாரிடம் போகிறதோ அவருக்கே நாய் என்கிறார் நீதிபதி. லூசி ஒளித்துவைத்த பொம்மையை மெல்லக் காட்டி இழுத்துக்கொள்கிறாள். அசல் சாட்சிக் கலைப்பு! அதே நாய் பிறகு அவளையே காட்டிக்கொடுக்கிறது. வாத்தியார் உள்ளறையில் ஒளிந்திருக்க, அவருடைய தொப்பியைக் கவ்விவந்து போடுகிறது. ஜெர்ரி தன்னுடையது என்று அணிந்து கண்ணாடி முன் நிற்கிறான். தொப்பி காதுவரை இறங்குகிறது. வேறோர் ஆணின் தலை அளவு அது என்பது அவனுக்கு உறைப்பதற்குள் நமக்கு வயிறு வலித்துவிடும். லாரல்–ஹார்டியை ஜோடி சேர்த்ததில் பங்குள்ள மெக்கேரிக்குத் தொப்பி வித்தை சொல்லித்தர வேண்டுமா?

1934 முதல் ஹாலிவுட்டில் தணிக்கை விதி இறுகியிருந்தது. கள்ள உறவைக் கவர்ச்சியாகக் காட்டக்கூடாது. திருமணத்தின் புனிதம் குலையக்கூடாது. அதனால் கதைக்காரர்கள் கண்ட குறுக்குவழி, தம்பதியையே பிரித்துவிட்டு மறுபடி காதலிக்க விடுவது. கடைசியில் மலைவீட்டில் அடுத்தடுத்த அறைகள். மணி 12 அடித்தால் தீர்ப்பு இறுதி. தாழ் நிற்காத கதவும் சுவர்க் கடிகாரமும் மீதியைச் சொல்லிவிடுகின்றன.

எழுதிவைத்ததை விட்டுவிட்டுப் படப்பிடிப்பில் புதிதாகச் சேர்ப்பது மெக்கேரி வழக்கம். மிரண்டுபோன கிராண்ட், படத்திலிருந்து விலகப் பார்த்தார். அந்தப் படமே அவரை நட்சத்திரமாக்கியது. மெக்கேரிக்கு ஆஸ்கர் வாங்கித்தந்தது.

நியூயார்க் 1966-ல் சட்டத்தைத் திருத்திக் கொடுமை, கைவிடல் போன்ற காரணங்களையும் சேர்த்தது. ஓட்டல் அறை வியாபாரத்துக்கு வேலையில்லாமல் போயிற்று. யார் மீதும் குற்றம் நிரூபிக்காமல் பிரிய வழிசெய்யும் சட்டம் அங்கே 2010-ல்தான் வந்தது. அமெரிக்க மாநிலங்களிலேயே அதுதான் கடைசி.